மணியோசை வரும் முன்னே

ராக்கூன் சிட்டி காவல் நிலையத்தின் மேல்தள நடைபாதையை, விழுந்து நொறுங்கிய ஹெலிகாப்டர் ஒன்று அடைத்துக் கிடக்கிறது. தீயை அணைத்துவிட்டு அந்தப் பக்கம் போனால், தொப்பியும் நீளமான கோட்டும் போட்ட ஆஜானுபாகுவான ஆள் ஒருவன் அந்த இரும்புக் குவியலை அலட்சியமாகத் தூக்கி ஒதுக்கிவிட்டு வெளியே வருகிறான். 1998இல் வந்த 'ரெசிடென்ட் ஈவில் 2' கேமை கேப்காம் நிறுவனம் 2019 ஜனவரியில் புதிதாகச் செய்து வெளியிட்டபோது எல்லோரையும் பேசவைத்த மிஸ்டர் எக்ஸ் இவன்தான். இவனை அங்கே கொல்ல முடியாது. தலையில் போதுமான குண்டுகளை இறக்கினால் கொஞ்ச நேரம் மண்டியிடுவான். பிறகு எழுந்து, விட்ட இடத்திலிருந்து துரத்துவான். அதன்பின் தலைக்கு மேலோ காலுக்குக் கீழோ, பக்கத்து அறையிலோ அவனுடைய பூட்ஸ் சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். துரத்தல் தொடங்கிவிட்டால் கனத்த தாளத்தோடு அவனுக்கே உரிய இசை எழும்பும். தப்பி மறைந்தால் அடங்கும்.

யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்பார்கள். யானைக்கு மணி கட்டுவது எதிரே வருகிறவர் ஒதுங்கிக்கொள்வதற்காக. பயமுறுத்துவதையே தொழிலாகக் கொண்ட ஒரு கேம், தன் அரக்கனுக்கு எதற்காக மணி கட்ட வேண்டும்? வருகிறவன் வருவதைத் தண்டோரா போட்டுச் சொல்லிவிட்டால் பயம் குறையத்தானே வேண்டும்? ஹாரர் கேம்களைச் செய்கிறவர்களும் ஆராய்கிறவர்களும் ஆடுகிறவர்களும் முப்பது ஆண்டுகளாக இந்தக் கேள்வியைத்தான் வெவ்வேறு வழிகளில் சுற்றி வருகிறார்கள். அவர்கள் கண்டதைத் தொகுத்துப் பார்த்தால் விடை கொஞ்சம் எதிர்பாராத இடத்தில் இருக்கிறது.

பேய்க்கும் கொலைகாரனுக்கும் தனி இசை கொடுப்பது சினிமாவிலிருந்து வந்த பழக்கம். ஃப்ரிட்ஸ் லாங் 1931இல் எடுத்த 'எம்' படத்தில் குழந்தைகளைக் கொல்பவன், கிரீக் என்ற நார்வே இசையமைப்பாளரின் மெட்டு ஒன்றைச் சீட்டியடித்துக்கொண்டே நடப்பான். அவனைக் கடைசியில் அடையாளம் காட்டுவது பலூன் விற்கும் ஒரு பார்வையற்றவர், அந்தச் சீட்டியை வைத்து. 1975இல் வந்த 'ஜாஸ்' இதை இன்னும் தந்திரமாகக் கையாண்டது. ஜான் வில்லியம்ஸின் இரண்டு சுர இசை கேட்டால் சுறா வருகிறது என்று படம் நம்மைப் பழக்குகிறது. நடுவில் இரண்டு சிறுவர்கள் போலிச் சுறாத் துடுப்போடு கடலில் நீந்திக் கடற்கரையையே கலவரமாக்கும்போது அந்த இசை வருவதில்லை. கவனித்துக் கேட்ட ரசிகர் ஏமாறமாட்டார். இப்படி நம்பிக்கையைச் சம்பாதித்த பிறகுதான், படகின் பின்னால் சுறா எந்த இசையும் இல்லாமல் தலையை நீட்டுகிறது. தியேட்டரே அலறியது அந்த இடத்தில்தான்.

ஹிட்ச்காக் இயக்குநர் த்ரூஃபோவிடம் சொன்ன மேசைக்கடி வெடிகுண்டுக் கணக்கும் இதையே சொல்கிறது. குண்டு இருப்பது நமக்குத் தெரியாமல் வெடித்தால் சில விநாடி அதிர்ச்சி; தெரிந்துவிட்டால் வெடிக்கும்வரை நிமிடக்கணக்கில் தவிப்பு. ஆனால் சினிமா ரசிகரால் மேசைக்கடியில் கைவிட்டுக் குண்டை எடுக்க முடியாது. கேமில் முடியும். இசை கேட்டதும் ஓடலாம், அலமாரிக்குள் ஒளியலாம், விளக்கை அணைக்கலாம். ஆகவே கேமில் அரக்கனின் இசை உணர்ச்சியூட்டும் பின்னணி என்ற அளவில் நிற்பதில்லை. அது ஒரு தகவல். ஆட்ட விதியின் ஒரு பகுதி. சிக்கல் தொடங்குவதும் இங்கேதான்.

இந்தத் தகவல் வேலை ஹாரர் கேம்களுக்கு முன்பே தொடங்கிவிட்டது. டைட்டோ நிறுவனத்துக்காக டொமோஹிரோ நிஷிகாடோ 1978இல் உருவாக்கிய 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்'இல் நான்கே சுரங்கள் கீழிறங்கும் வரிசையில் ஓயாமல் சுற்றுகின்றன. வேற்றுக்கிரகவாசிகள் குறையக் குறைய, மிச்சமிருப்பவை வேகமாக நகர்கின்றன; அந்த நான்கு சுரங்களும் கூடவே வேகமெடுக்கின்றன. உருவங்களின் வேகம், அன்றைய சில்லு குறைந்த உருவங்களைச் சீக்கிரம் வரைந்து முடித்ததால் தானாக வந்தது. நிஷிகாடோ அதை அப்படியே வைத்துக்கொண்டார். நன்றாகச் சுடச் சுட நெஞ்சு படபடப்பு கூடும் என்ற விபரீதம் அங்கே பிறந்தது.

அரக்கன் வந்தால் மட்டும் இசை என்ற ஏற்பாட்டைத் தெளிவாகச் செய்து காட்டியது 1995இல் ஜப்பானில் சூப்பர் ஃபேமிகாமுக்கு வந்த 'க்ளாக் டவர்'. ஹிஃபுமி கோனோ இயக்கியது. இத்தாலிய இயக்குநர் டாரியோ அர்ஜென்டோவின் 'ஃபினாமினா' படத்தின் சாயல் அதில் அப்பட்டமாகத் தெரியும். ஜெனிஃபர் என்ற அநாதைப் பெண், பெரிய மாளிகை, ஆளுயரக் கத்தரிக்கோலோடு திரியும் சிஸர்மேன். கேமின் பெரும்பகுதியில் இசையே கிடையாது. ஜெனிஃபரின் காலடி மட்டும். குளியல் தொட்டியின் திரையை விலக்கும்போதோ ஏதோ ஒரு கதவைத் திறக்கும்போதோ அவன் வந்துவிட்டால் துரத்தல் இசை பாய்ந்து தொடங்கும். ஒளிந்து தப்பும்வரை விடாது. கையில் ஆயுதமில்லாத பெண்ணுக்கு அந்த இசையின் முடிவுதான் ஒரே நிம்மதி. மெட்டு ஒன்றும் பிரமாதமில்லை. அதற்கு முன்னும் பின்னும் இருக்கும் நிசப்தம்தான் அதற்கு அந்தப் பலத்தைக் கொடுத்தது.

1999இல் இரண்டு வேறு வழிகள் திறந்தன. 'ரெசிடென்ட் ஈவில் 3' நெமெசிஸ் என்ற அரக்கனை அனுப்பியது. அதுவரை அந்த வரிசையில் ஒரு கதவைத் தாண்டிவிட்டால் பின்னால் வந்தவர்கள் அதோடு சரி. நெமெசிஸ் கதவைத் திறந்துகொண்டு கூடவே வருவான், அவனுடைய இசையும் வரும். எதிர்முனையில், கேமைச் சேமித்துக்கொள்ளும் சேவ் ரூமில் மென்மையான ஒரு மெட்டு ஒலிக்கும். அதைக் கேட்டவுடன் தோள் தளர்ந்துவிடும். அரக்கனின் இசையைப் பற்றி எழுதுகிறவர்கள் இந்த அடைக்கல இசையை மறந்துவிடுகிறார்கள். ஒன்று இல்லாமல் மற்றொன்றுக்கு இவ்வளவு பலம் வந்திருக்காது.

அதே ஆண்டு வந்த 'சைலண்ட் ஹில்' இசைக்குப் பதில் ஒரு பாக்கெட் ரேடியோவை நாயகன் ஹாரி மேசனின் கையில் கொடுத்தது. உயிரினம் ஏதேனும் அருகில் வந்தால் ரேடியோ கரகரக்கும். ஊரெங்கும் மூடுபனி. முதல் பிளேஸ்டேஷனால் தூரத்துக் காட்சிகளை வரைய முடியாத குறையை மறைக்கப் போட்ட பனி அது என்பது பலருக்கும் தெரிந்த கதை. பனியில் நாலடிக்கு மேல் தெரியாது. ரேடியோ மட்டும் கரகரக்கிறது. ஏதோ இருக்கிறது. இடமா வலமா? முன்னாலா, மேலேயா? ரேடியோ சொல்லாது. அகிரா யமாவோகாவின் இசையும் தொழிற்சாலை இரைச்சல்போல உலோகத்தை உலோகத்தில் தேய்ப்பதால், எது இசை, எது ஊரின் சத்தம், எது ரேடியோ என்று காது குழம்பும்.

மாண்ட்ரியல் பல்கலைக்கழகத்தின் பெர்னார்ட் பெரோன் 2004இல் எழுதிய ஆய்வுக்கட்டுரை இந்த வகை எச்சரிக்கை ஏற்பாடுகளைப் பற்றியது. முன்னெச்சரிக்கை பயத்தைக் குறைப்பதில்லை, நீட்டிக்கிறது என்பது அவருடைய வாதத்தின் சாரம். திடுக்கிடல் ஒரு நொடியில் தீர்ந்துவிடும். வரப்போகிறது என்ற எதிர்பார்ப்பு ஆட்டக்காரரைப் பல நிமிடம் பிடித்துவைக்கும். இது சரிதான். ஆனால் பாதிதான் சரி. எச்சரிக்கை எதைச் சொல்கிறது, எதை மறைக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் அது பயமாகவோ வெறும் கருவியாகவோ மாறுகிறது. இதை நிரூபிக்க இரண்டு கேம்களைக் கொஞ்சம் நெருங்கிப் பார்க்க வேண்டும்.

முதலாவது, ஸ்வீடனின் ஃப்ரிக்‌ஷனல் கேம்ஸ் 2010இல் வெளியிட்ட 'அம்னீஷியா: தி டார்க் டிசென்ட்'. இதிலும் ஆயுதம் கிடையாது. கூடவே ஒரு குரூரமான விதி: அரக்கனைப் பார்த்துக்கொண்டிருந்தால் நாயகன் டேனியலின் சித்தம் கலங்கத் தொடங்கும், திரை நெளியும். எனவே ஆட்டக்காரர்கள் செய்வது என்ன? இருட்டு மூலையில் சுவரைப் பார்த்துக் குந்திவிடுகிறார்கள். இப்போது கண்ணுக்கு வேலை இல்லை. மிக்கோ தர்மியாவின் இசை மட்டும் முதுகுக்குப் பின்னால் உறுமுகிறது. அது உயர்கிறதா, தாழ்கிறதா, நின்றுவிட்டதா என்று கேட்டுக்கேட்டுத்தான் திரும்பலாமா என்று முடிவெடுக்க வேண்டும். அரக்கன் தேடலைக் கைவிட்டுப் போய்விட்டால் இசை கரைந்துவிடும். விதி நேர்மையானது; மாறாதது. அப்படியும் பயம் போவதில்லை. இசை அடங்கிய பிறகும் இன்னும் பத்து விநாடி சுவரையே பார்த்துக்கொண்டிருப்பவர்கள்தான் அதிகம். கேம் உண்மையைச் சொல்லிவிட்டது, உடம்பு நம்ப மறுக்கிறது.

இரண்டாவது, 'டெட் பை டேலைட்'. மாண்ட்ரியலின் பிஹேவியர் இன்டராக்டிவ் 2016இல் வெளியிட்டது. நால்வர் தப்ப முயல்வார்கள், கொலைகாரன் ஒருவன் வேட்டையாடுவான். ஐவருமே நிஜ மனிதர்கள், இணையம் வழியாக ஆடுகிறவர்கள். ஒவ்வொரு கொலைகாரனைச் சுற்றியும் 'டெரர் ரேடியஸ்' என்று ஒரு வட்டம் உண்டு. பலருக்கு அது 32 மீட்டர். அதற்குள் வந்துவிட்டால் இதயத் துடிப்பு கேட்கத் தொடங்கும். நெருங்க நெருங்க வேகமும் இசை அடுக்குகளும் கூடும்; துரத்தல் ஆரம்பித்தால் அந்தக் கொலைகாரனுக்குரிய இசை. புதிதாக ஆடுகிறவருக்கு முதல் துடிப்பிலேயே கை வியர்க்கும். நூறு மணிநேரம் ஆடியவரைப் பாருங்கள்: ஜெனரேட்டரைப் பழுதுபார்த்துக்கொண்டே நிதானமாகக் கணக்குப் போடுவார். இன்னும் தூரம் இருக்கிறது, முடித்துவிட்டே ஓடலாம். இதயத் துடிப்பு அவருக்கு ஆட்டோ மீட்டர் மாதிரி ஆகிவிட்டது.

கேமைச் செய்தவர்கள் இதை அறியாதவர்கள் இல்லை. அதனால்தான் மீட்டரைக் கெடுக்கும் கொலைகாரர்களைத் தொடர்ந்து கொண்டுவருகிறார்கள். ரெய்த் மறைந்து நடக்கும்போது துடிப்பே கேட்காது. 'ஹாலோவீன்' படத்திலிருந்து வந்த மைக்கேல் மையர்ஸ் ஆரம்ப நிலையில் ஓசையின்றி மரத்தின் பின்னால் நின்று வெறித்துப் பார்த்துக்கொண்டிருப்பான். துடிப்பை நம்பியே பழகியவருக்கு அந்த மௌனம் பேரிடி. இவர்களில் ஹன்ட்ரெஸ் என்ற முயல் முகமூடிக்காரி மட்டும் நேர் எதிர். அவள் ரஷ்யத் தாலாட்டு ஒன்றை முனகிக்கொண்டே வருவாள். துடிப்புக்குத் திசை கிடையாது, தாலாட்டுக்கு உண்டு; ஹெட்போனில் இடது காதிலா வலது காதிலா என்று பிரித்துக் கேட்கலாம். அப்படியானால் பயம் குறைய வேண்டும் அல்லவா? குறையாததற்குக் காரணம் அவள் கையிலிருக்கும் கோடரி. அதைத் தூரத்திலிருந்தே வீசுவாள். அவள் இருக்கும் திசை தெரிந்தாலும் கோடரி எப்போது கிளம்பும் என்பது தெரியாது. ஏதாவது ஒன்றைச் சொன்னால் வேறொன்றை மறைத்தாக வேண்டும்.

நான் வந்து சேரும் முடிவு இதுதான். இருக்கிறது என்று சொல்லி எங்கே என்பதை மறைக்கும் இசை, அல்லது எங்கே என்று சொல்லி எப்போது என்பதை மறைக்கும் இசை, ஆட்டக்காரரின் காதையே அவருக்கு எதிராகத் திருப்பிவிடுகிறது. எல்லாவற்றையும் சொல்லும் இசை சீக்கிரமே கருவியாகிவிடும். பொய் சொல்லும் இசையோ இன்னும் மோசம்: இரண்டு முறை ஏமாந்தவர் மூன்றாம் முறை கேட்கவே மாட்டார். 2008இல் வால்வ் வெளியிட்ட 'லெஃப்ட் 4 டெட்' இதை நன்றாகப் புரிந்துகொண்ட கேம். டேங்க் என்ற ராட்சதன் வந்துவிட்டால் அவனுடைய இசை இடிபோல ஆரம்பிக்கும். பொய்யே சொல்லாது. ஆனால் எந்தச் சந்திலிருந்து வருகிறான் என்று மூச்சுவிடாது. நால்வரும் நாலு பக்கம் துப்பாக்கியைத் திருப்பிக்கொண்டு ஒருவரையொருவர் திட்டிக்கொள்ளும் அந்தச் சில விநாடிகள்தான் அந்தக் கேமின் உச்சம் என்பேன். 2014இல் வந்த 'ஏலியன்: ஐசொலேஷன்' தகவலுக்கு விலை வைத்தது. அசைவைக் காட்டும் மோஷன் டிராக்கர் உங்கள் கையில் இருக்கிறது; ஏலியன் அருகில் இருந்தால் அதன் பீப் சத்தம் ஏலியனுக்கும் கேட்கும்.

தெரிந்த பழைய மெட்டை அரக்கனுக்குக் கொடுப்பது இன்னொரு வழி. ஸ்காட் காத்தன் தனியாளாக 2014இல் செய்த 'ஃபைவ் நைட்ஸ் அட் ஃப்ரெடீஸ்'இல் காவலாளியின் அறையில் மின்சாரம் தீர்ந்துவிட்டால், இருட்டில் ஃப்ரெடி என்ற பொம்மைக் கரடியின் முகம் மட்டும் மினுக்கும். 1875இல் அரங்கேறிய பிஸேயின் 'கார்மென்' ஓபெராவிலிருந்து டோரியடோர் பாட்டின் மெட்டு, இசைப்பெட்டி ஓசையில் ஒலிக்கும். அது முடிந்தால் மரணம். முடிவதற்குள் காலை ஆறு மணி அடித்துவிட்டால் தப்பித்தீர்கள். எவ்வளவு நேரம் ஒலிக்கும் என்பது ஒவ்வொரு முறையும் மாறும். கையில் செய்வதற்கு எதுவுமில்லை. இன்னும் கொஞ்சம் பாடு என்று அரக்கனையே வேண்டிக்கொள்ள வேண்டிய நிலை. அடுத்த பாகத்தில் இசைப்பெட்டிக்கு நீங்களே சாவி கொடுத்துக்கொண்டிருக்க வேண்டும். விட்டுவிட்டால் பெட்டிக்குள் இருக்கும் பொம்மலாட்டப் பொம்மை கிளம்பிவிடும்.

உடம்பு ஏன் நம்ப மறுக்கிறது என்பதற்கு விஞ்ஞானிகள் கொஞ்சம் விளக்கம் தருகிறார்கள். மர்மோட் என்ற மலை அணில்களின் அலறலை ஆராய்ந்த டேனியல் ப்ளும்ஸ்டீனும் சகாக்களும் 2010இல் 102 திரைப்படங்களின் ஒலியைப் பிரித்துப் பார்த்தார்கள். பயந்த விலங்கின் தொண்டை தாறுமாறாகப் பிசிறும்போது வரும் ஓசையின் சாயலைப் படக்காரர்கள் தங்களையறியாமலே பயன்படுத்தி வந்திருக்கிறார்கள் என்பது அவர்கள் முடிவு. 2015இல் லூக் அர்னால் குழுவினர் மனித அலறலை அளந்தார்கள். அதன் சத்தம் விநாடிக்கு 30 முதல் 150 முறைவரை ஏறி இறங்கிக் கரடுமுரடாக இருப்பதும், அந்தக் கரடுமுரடு மூளையில் அச்சத்தைக் கையாளும் அமிக்டலாவைத் தட்டியெழுப்புவதும் தெரியவந்தது. அபாயச் சங்குகளிலும் இதே கரடுமுரடு உண்டு. 2008இல் வந்த 'டெட் ஸ்பேஸ்' கேமின் இசையைக் கேட்டால் இது விளங்கும். ஜேசன் கிரேவ்ஸ் ஆர்கெஸ்ட்ராக் கலைஞர்களைச் சுரம் தப்பித் தேய்க்கவும் இழுக்கவும் வைத்துப் பதிவு செய்தார். அந்தப் பதிவுகள் அமைதியிலிருந்து வெறிவரை நான்கு அடுக்குகளாகக் கூடவே ஓடிக்கொண்டிருக்கும். உயிரினங்களுக்கும் ஆபத்தான இடங்களுக்கும் 'ஃபியர் எமிட்டர்' என்று கண்ணுக்குத் தெரியாத புள்ளிகளை வைத்து, ஆட்டக்காரர் நெருங்க நெருங்க மேலடுக்குகளைத் திறந்துவிட்டார்கள். வீட்டுப் பிள்ளைகள் பேய்க் கேமில் 'பிஜிஎம் மாறுது' என்று கத்துவார்களே, அப்போது உள்ளே நடப்பது ஏறத்தாழ இதுதான்.

ஆனால் பிசிறல் மட்டுமே பயம் என்றால் ஒரு விஷயத்துக்கு விளக்கம் கிடைக்காது. மிஸ்டர் எக்ஸ் வந்த சில நாட்களிலேயே ரசிகர்கள் கேமை மாற்றியமைக்கும் ஒரு மாட் செய்துவிட்டார்கள். அவனுடைய துரத்தல் இசைக்குப் பதிலாக அமெரிக்க ராப் பாடகர் டிஎம்எக்ஸின் 'எக்ஸ் கான் கிவ் இட் டு யா' ஒலிக்கும். அதே ஆள், அதே பூட்ஸ், அதே முஷ்டி. பார்த்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். அவன் திடீரென்று குஸ்தி மேடைக்கு வரும் நாயகனாகிவிட்டான். சிரித்தவர்களே பிறகு ஒன்றைக் கவனித்தார்கள். பாட்டு வேடிக்கைதான், அது ஆரம்பித்தவுடன் கால் தானாக ஓடத்தான் செய்கிறது. தகவல் அப்படியே இருக்கிறது, திகில் மட்டும் கழன்றுவிட்டது. இரண்டும் வேறு வேறு என்பதற்கு இதைவிட நல்ல சோதனையை எந்த ஆய்வகமும் செய்திருக்க முடியாது.

யூடியூபில் தமிழ் கேமிங் சேனல்களில் ஒருவர் பேய்க் கேம் ஆட, ஆயிரக்கணக்கானோர் பார்க்கிறார்கள். பார்க்கிறவர்களுக்குக் கையில் கன்ட்ரோலர் இல்லை. அவர்களுக்கு அரக்கனின் இசை மறுபடி சினிமா இசையாகிவிடுகிறது: 'டேய், வர்றான்டா, ஓடுடா' என்று சாட்டில் எழுதலாம், அவ்வளவுதான். ஹிட்ச்காக்கின் ரசிகர்கள் இவர்கள்தான். ஆடுகிறவரைவிடப் பார்க்கிறவர் அதிகம் அலறுவது ஏன் என்று கேட்பவர்களுக்கு இது ஒரு பதில்.

கடைசியாக ஒன்று, நம் எழுத்துகளில் அதிகம் பேசப்படாதது. அரக்கனின் இசை ஆட்ட விதியின் பகுதி என்றால், காது கேளாத ஆட்டக்காரரிடமிருந்து விதியையே மறைத்துவைத்திருக்கிறோம் என்று அர்த்தம். மிஸ்டர் எக்ஸின் காலடி எந்தப் பக்கம் என்று கேட்க முடியாதவருக்கு அந்தக் காவல் நிலையம் பயங்கரமான இடம் இல்லை, அநியாயமான இடம். 'டெட் பை டேலைட்'காரர்கள் பின்னாளில் இதயத் துடிப்பைத் திரையில் கண்ணால் பார்க்கும்படி காட்டும் ஒரு வசதியைச் சேர்த்தார்கள். துடிக்கும் அந்தச் சின்னம் தாலாட்டின் திகிலைக் கொடுக்காது, தகவலைக் கொடுக்கும். மேலே சொன்ன டிஎம்எக்ஸ் மாட் காட்டியபடி, தகவலைத் தனியே பிரித்துக் கொடுக்க முடியும், அதனால் மற்றவர்களுடைய பயம் ஒரு துளியும் குறையாது. ஹாரர் கேம் செய்கிறவர்கள் இந்த வசதியை வெளியீட்டுக்குப் பிறகு வரும் அப்டேட்டில் இல்லாமல் முதல் நாளிலேயே வைக்க வேண்டும்.